தனுஷ்கோடி மர்மக் கதை: தம்பியின் முதல் அத்தியாயத்துக்கு வந்த பதில்கள்

கதை பார்க்கிறவர்:
ஆறே நாளில் நாவலை முடிப்பேன் என்றாய், சந்தோஷம் தம்பி. ஆனால் பன்னிரண்டு பக்கத்தில் ஒன்பது ‘திடீரென்று’. அத்தனையையும் அடி. பிணம், மொட்டைக் கடிதம், தொலைந்த சாவி, கறுப்புச் சட்டைக்காரன் எல்லாம் முதல் அத்தியாயத்திலேயே வந்தால், வாசகன் எதற்கென்று பதறுவான்? கொலைகாரன் யாரென்று மறைப்பது புதிர் மட்டும்தான். வல்லத்தின், அதாவது நாட்டுப்படகின், அடிப்பலகை இடுக்கில் அடைத்த பஞ்சை ஒருவன் பிடுங்கிப் போட்டது நமக்குத் தெரியும், ஏறப் போகிறவருக்குத் தெரியாது. அங்கேதான் நெஞ்சு அடிக்கும். பஞ்சைப் பிடுங்குவதை மூன்றாம் பக்கத்தில் காட்டு, வல்லம் எட்டாம் பக்கத்தில் கடலில் இறங்கட்டும். நடுவில் அவர் நிதானமாகச் சோற்றுத் தூக்கைத் தேடட்டும், மூடி சரியாக மூடவில்லையென்று திரும்பவும் வீட்டுக்குப் போகட்டும்.

பாம்பன்காரர்:
கொலைகாரன் மே மாதம் விசைப்படகில் தப்புகிறான் என்கிறாய். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் தம்பி, விசைப்படகெல்லாம் கட்டிக் கிடக்கும். ஒன்று கிளம்பினால் ஊரே எட்டிப் பார்க்கும். அவனையும் வல்லத்தில் ஏற்று. கச்சான், அதாவது தென்மேற்குக் காற்று, வீசும் காலத்தில் மன்னார் வளைகுடாப் பக்கம்தான் கொந்தளிக்கும், பாக் நீரிணைப் பக்கம் அடங்கியிருக்கும். வடகிழக்கிலிருந்து வாடை வீசினால் தலைகீழ். நீ மாற்றி எழுதிவிட்டாய்.

நிலாவும் தப்பு. பௌர்ணமியன்று பொழுது சாயும்போது எழும், பிறகு தினமும் ஏறக்குறைய 50 நிமிடம் பிந்தும். நீ எழுதிய எட்டாம் நாள் நள்ளிரவாகிவிடும். அன்று இரவு ஏழு மணிக்கு நிலவொளியில் முகம் தெரியாது. நிலா எழுமுன் அவன் மணல்திட்டைத் தாண்டியாக வேண்டும் என்று வை, கெடு தானாக வந்துவிடும்.

கோர்ட் விவரம் தெரிந்தவர்:
மூழ்கிய உடல் மறுநாள் விடிந்ததும் மிதக்காது. உள்ளே வாயு சேர வேண்டும், நம் கடல் சூட்டுக்கு ஒரு நாளிலிருந்து மூன்று நாள் வரை ஆகலாம். அந்த நாட்களில் கொலைகாரன் கரைக்கு வந்து வந்து பார்க்கட்டும். கொலைக்குப் பழைய தண்டனைச் சட்டத்தின் 302 என்று எழுதாதே. 2024 ஜூலை 1-லிருந்து நடக்கும் கொலைக்கு புதுச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 103.

பாம்பன்காரர்:
ஒன்று விட்டுப்போச்சு. நாயகன் பாம்பன் ரயில் பாலத்தின் ஒரு இறக்கையிலிருந்து மறு இறக்கைக்குத் தாவுகிறான். பிளந்து திறந்தது 1914 பாலம். 2025 ஏப்ரலில் திறந்த புதுப் பாலத்தில் 72.5 மீட்டர் நடுத்துண்டு நேராக மேலே போகும், தாவ இறக்கையே இல்லை. ரயில் அக்கரையில் நிற்கட்டும். பெரிய படகு ஒன்று கடக்க, அதன் பின்னாலேயே கொலைகாரனின் வல்லமும் போகட்டும். நாயகன் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு பார்க்கட்டும்.