டெல்டாவில் மிராசு ஆட்டம் கண்டது எதனால்? பணமா, போராட்டமா?

நீடாமங்கலத்தான்:

"பொருளாதாரம் தானாக எதையும் மாற்றாது, பிரச்சாரமும் போராட்டமும்தான் சாதி அடுக்கை உடைக்கும்" என்று இன்னொரு இழையில் ஒரு நண்பர் எழுதியிருந்தார். எனக்கு அதில் உடன்பாடில்லை. அங்கே எழுதினால் பேச்சு திசை மாறும் என்பதால் இங்கே தனியாக.

நான் டெல்டாக்காரன். எங்கள் பக்கம் மிராசுதார் என்ற பெரிய நிலக்காரரிடமே கட்டுண்டு வேலை செய்யும் பண்ணையாள் முறை எதன் மேல் நின்றது என்று பாருங்கள். ஆள் குடியிருக்கும் மனை மிராசுதாருடையது. கூலி நெல்லாக வரும், அதுவும் அவர் மரக்காலில் அளந்து. கல்யாணம், சாவு என்று எதற்குக் கடன் வாங்கினாலும் அவரிடம்தான். வேறு வேலை கிடையாது, வேறு ஊர் போக வழி கிடையாது. இந்த நாலும் சேர்ந்தால் ஒருவன் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு கைகட்டி நிற்கத்தான் செய்வான். அவன் மனசில் என்ன இருந்தாலும் நிற்பான்.

இந்த நாலும் எப்படிப் போயின? 1960களின் நடுவில் ஆடுதுறை 27 வந்தது. குறுகிய கால நெல். குறுவை பெருகி, நடவுக்கும் அறுப்புக்கும் ஒரே நேரத்தில் ஆள் தேவைப்பட்டது. பிறகு மேட்டூர் நேரத்துக்குத் திறக்காத ஆண்டுகளில் இளவட்டங்கள் திருப்பூருக்கும் கேரளாவுக்கும் கிளம்பினார்கள். கொஞ்சம் பேர் வளைகுடா போனார்கள். 2006இல் நூறு நாள் வேலை முதல் கட்டமாக வந்த மாவட்டங்களில் நாகப்பட்டினமும் ஒன்று. இன்றைக்கு நிலத்துக்காரர்தான் நடவுக்கு ஆள் கேட்டு முதல் நாள் ராத்திரியே போன் போடுகிறார். "வர்றீங்களா?" என்று மரியாதையாகக் கேட்கிறார். ஐம்பது வருஷத்துக்கு முன்னால் அந்த 'ங்க' அவர் வாயில் வந்திருக்காது. இதை எந்த மேடைப் பேச்சும் கொண்டுவரவில்லை.

செங்காந்தள்:

நீடாமங்கலத்தாரே, நீங்கள் சொன்ன நாலு கட்டும் சரி. அவை அறுந்த வரிசையைத்தான் மாற்றிச் சொல்கிறீர்கள்.

1940களில் கம்யூனிஸ்ட் தலைவர் பி. சீனிவாசராவ் கீழத்தஞ்சையில் விவசாயக் கூலிகளுக்குச் செங்கொடிச் சங்கம் கட்டியபோது ஆடுதுறை 27 இல்லை, திருப்பூர் ஏற்றுமதி இல்லை. சாணியைக் கரைத்துக் குடிக்கவைக்கும் சாணிப்பாலும் சவுக்கடியும் இருந்தன. அந்தத் தண்டனைகள் நின்றது சங்கம் வந்ததால். அந்தக் கொந்தளிப்புக்குப் பயந்துதான் ராஜாஜி அரசு 1952இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் கொண்டுவந்தது. பல மிராசுதார்கள் அதற்கும் வழி கண்டுபிடித்து, பண்ணையாளை நிறுத்திவிட்டு அன்றாடக் கூலியாக வைத்துக்கொண்டார்கள் என்பது வேறு விஷயம்.

புதுரக நெல் வந்து விளைச்சல் கூடிய பிறகு என்ன நடந்தது? 1968 டிசம்பர் 25, கீழ்வெண்மணி. கூலியில் அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்டதற்கும், செங்கொடியை இறக்க மறுத்ததற்கும் ஒரே குடிசைக்குள் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். பெண்களும் குழந்தைகளும்தான் அதிகம். நெல் உற்பத்தியாளர் சங்கம் என்ற பெயரில் மிராசுதார்கள் திரண்ட காலம் அது. பசுமைப் புரட்சி களத்துமேட்டுக்கு வந்த அதே வருஷங்கள். பொருளாதார வளர்ச்சி முதலில் செய்தது மேலே இருப்பவனின் கையை வலுவாக்கியதுதான். லாபம் கூடியபோது கூலியைக் கொடுக்க மனசில்லாத வெறியும் கூடியது.

அதற்குப் பிறகு இரண்டு சட்டங்கள் வந்தன. 1969இல் நியாயக் கூலிச் சட்டம். 1971இல் குடியிருப்பு மனையைக் குடியிருப்பவருக்கே சொந்தமாக்கும் சட்டம். இந்த இரண்டாவதை நாம் போதுமான அளவு பேசுவதே இல்லை. மனை மிராசுதாருடையதாக இருந்தவரை ஒரு பையன் திருப்பூர் போனால் மறுநாள் அப்பா அம்மாவின் குடிசையைப் பிரித்துப் போட்டுவிடலாம். மனை சொந்தமான பிறகுதான் ரயில் ஏறும் தைரியம் வந்தது. நீங்கள் சொல்லும் திருப்பூர், வெண்மணியின் சாம்பல் மேல் ஏறித்தான் வந்தது.

நீடாமங்கலத்தான்:

மனைச் சட்டத்தின் முக்கியத்துவத்தை நான் மறுக்கவில்லை தோழர். ஆனால் மனை கிடைத்த பிறகும் பல ஊர்களில் பத்துப் பதினைந்து வருஷம் கைகட்டி நிற்பது நிற்கவில்லையே. 80களின் தொடக்கத்தில்கூட காலனிப் பையன் சைக்கிளை விட்டு இறங்கித்தான் மேலத்தெருவைக் கடந்தான். சட்டமும் இருந்தது, சங்கமும் இருந்தது. வெளியூர்ச் சம்பளம் வந்த பிறகுதான் அவன் இறங்காமல் போனான். சட்டம் கதவைத் திறந்திருக்கலாம். அந்தக் கதவு வழியாகப் போவதற்குக் காசு வேண்டியிருந்தது.

தாமிரபரணி வாசகன்:

இரண்டு பேரும் டெல்டாவுக்குள்ளேயே நிற்கிறீர்கள். கொஞ்சம் தெற்கே வாருங்கள்.

கொடியங்குளம். இன்றைய தூத்துக்குடி மாவட்டம். சுற்றுவட்டாரத்தில் வசதியான தலித் கிராமம் என்றால் அதுதான். வளைகுடா சம்பாத்தியம், காரை வீடு, படித்த பிள்ளைகள். நீடாமங்கலத்தார் கணக்குப்படி அங்கேதான் மேல் கீழ் முதலில் கரைந்திருக்க வேண்டும். 1995 ஆகஸ்ட் 31 அன்று நூற்றுக்கணக்கான போலீஸ் உள்ளே நுழைந்தது. டிவி, மின்விசிறி, டேப் ரிக்கார்டர் எல்லாவற்றையும் தேடித்தேடி உடைத்தார்கள். பாஸ்போர்ட்டையும் சான்றிதழ்களையும் அழித்தார்கள். குடிநீர்க் கிணற்றைக் கெடுத்தார்கள். என்னவெல்லாம் உடைபட்டன என்று பாருங்கள். மேலே ஏற உதவிய ஒவ்வொன்றும் குறி.

2012 நவம்பரில் தருமபுரி நத்தம் காலனி. ஒரு காதல் திருமணத்தைச் சாக்காக வைத்து மூன்று குடியிருப்புகளில் 200க்கும் மேற்பட்ட வீடுகளைக் கொளுத்தினார்கள். அந்த வீடுகள் பலவும் பெங்களூரில் கட்டட வேலைக்கும் திருப்பூருக்கும் போய்ச் சேர்த்த காசில் எழுந்தவை. பைக், நகை, பீரோ, எல்லாம் போயிற்று.

பணம் வந்ததால் அடுக்கு சரிந்தது என்கிறீர்கள். எங்கள் அனுபவத்தில் பணம் வந்ததால்தான் அடி விழுந்தது. ஏழையாக இருந்தவரை ஏச்சோடு விட்டவன், பக்கத்தில் மாடி வீடு எழுந்ததும் தீப்பெட்டி எடுக்கிறான்.

வைகைக்கரை வணிகன்:

ஐயா, நீங்கள் சொன்ன இரண்டு ஊர்களும் நடந்த கொடுமைகள், அதில் பேச்சே இல்லை. ஆனால் அதை வைத்துப் பணம் பயன்படாது என்ற முடிவுக்கு வர முடியாது. சிவகாசியைப் பாருங்கள்.

1899இல் சிவகாசியைக் கொள்ளையடித்தார்கள், எரித்தார்கள். கோயிலுக்குள் போக உரிமை கேட்ட நாடார்களுக்குக் கிடைத்த பதில் அது. தெற்கே, திருவிதாங்கூரில் அவர்கள் வீட்டுப் பெண்கள் மேலாடை அணியவே பல வருஷம் போராட வேண்டியிருந்தது. அங்கிருந்து எப்படி எழுந்தார்கள்? ஆறு ஊர்ப் பேட்டைகளில் வியாபாரம். சரக்கு ஒவ்வொன்றிலும் மகமை என்று சிறு தொகை ஒதுக்கிப் பொதுநிதி. அந்த நிதியில் பள்ளிக்கூடம். விருதுநகரில் 1880களிலேயே பள்ளி நடத்தினார்கள். 1920களில் இரண்டு பேர் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுவந்தார்கள். இன்று அந்தச் சமூகத்தை எந்தக் கோயில் வாசலில் யார் தடுக்க முடியும்?

எனவே பணம் வேலை செய்கிறது. ஒரு தலைமுறைச் சம்பளம் போதாது. தனித்தனிச் சம்பளமாக இல்லாமல் நிறுவனமாக, நிதியாக, பள்ளியாக அது மாற வேண்டும்.

செங்காந்தள்:

வணிகரே, நல்ல உதாரணம் கொடுத்தீர்கள். அதன் நடுப்பக்கத்தை மட்டும் விட்டுவிட்டீர்கள்.

கமுதிக் கோயில் வழக்கு. 1897இல் நாடார்கள் உள்ளே போனார்கள், வழக்குப் பாய்ந்தது. அப்போதே அவர்களிடம் பணம் இருந்தது. அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போகும் அளவுக்கு இருந்தது. 1908இல் அங்கேயும் தோற்றார்கள். கோயில் கதவு திறந்தது எப்போது? 1939இல். காங்கிரஸ்காரர் வைத்தியநாதய்யர் மதுரை மீனாட்சி கோயிலுக்குள் தலித்துகளையும் நாடார் ஒருவரையும் அழைத்துப் போனார். அதைத் தொடர்ந்து சட்டம் வந்தது. அந்த முப்பது வருஷமும் பணம் இருந்தது, உரிமை இல்லை. நடுவில் நடந்ததெல்லாம் அரசியல்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஒரு சமூகம் அடுக்கில் மேலே போனது என்றால் அடுக்கு இருக்கிறது என்றுதான் பொருள். படிக்கட்டு அங்கேயேதான் இருக்கிறது, நிற்பவர்கள்தான் இடம் மாறியிருக்கிறார்கள்.

காவேரிக்கரைப் பெண்:

இதுவரை எழுதியவர்கள் எல்லாரும் "அவன்" என்றே எழுதியிருக்கிறீர்கள். பையன் திருப்பூர் போனான், பையன் சைக்கிளில் போனான். வயலில் குனிந்து நட்டது யார்?

எங்கள் பக்கம் நடவும் களையும் முழுக்கப் பெண்கள் வேலை. அறுப்பில் பாதிக்கு மேல் பெண்கள். நூறு நாள் வேலை வந்தபோது ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி என்று சட்டத்திலேயே இருந்தது. பணம் பேங்க் கணக்கில் வந்தது, அதுவும் அவள் பெயரில். எங்கள் அம்மா தலைமுறைக்கு அது சின்ன விஷயமில்லை. நிலத்துக்காரர் கூப்பிட்டால் "இன்னைக்கு ஏரி வேலை இருக்குங்க" என்று சொல்ல முடிந்தது. இதுவரை நீடாமங்கலத்தார் பக்கம்.

அதே காலத்தில் கதிர் அறுக்கிற மெஷின் வந்தது. அறுப்புக்கூலி நெல்லாக வீட்டுக்கு வந்தது நின்றது. வருஷத்துக்குச் சாப்பாட்டு அரிசி அந்த நெல்லில்தான் இருந்தது. மிராசுதாரிடம் ஆள் பஞ்சம் என்று பேசுகிறீர்களே, மெஷின் வாடகைக்கு எடுக்க முடிந்தவருக்குப் பஞ்சம் எங்கே? ஆக நவீனம் ஒரு கையால் கொடுத்ததை இன்னொரு கையால் வாங்கிக்கொண்டது.

இன்னும் ஒரு இடம் இருக்கிறது, அங்கே எந்தப் பணமும் எட்டவில்லை. அது கல்யாணம். கொங்கு மண்டலத்தைவிடத் தொழில் வளர்ந்த பகுதி தமிழ்நாட்டில் எத்தனை இருக்கிறது? 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டையில், பேருந்து நிலையம் பக்கத்தில், பட்டப்பகலில், ஒரு பொறியியல் மாணவரை வெட்டிக் கொன்றார்கள். மனைவி வேறு சாதி என்பதுதான் காரணம். டீக்கடையில் கிளாஸ் ஒன்றாகிவிட்டது, பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறோம், கம்பெனியில் ஒரே மெஷினில் ஷிப்ட் மாற்றி வேலை செய்கிறோம். பெண் யாரைக் கட்டுவது என்றதும் எல்லாம் பழைய இடத்துக்குப் போகிறது. சொத்து கைமாறுவது கல்யாணத்தில். அதனால்தான் அங்கே அவ்வளவு கெடுபிடி. பொருளாதாரம் சாதியைத் தளர்த்தும் என்பவர்கள், சாதிக்குள்ளேயே சொத்தைக் காப்பதும் பொருளாதாரம்தான் என்பதைச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நீடாமங்கலத்தான்:

சகோதரி சொன்ன மெஷின் விஷயம் முழு உண்மை. எங்கள் ஊரிலும் அறுப்பு நெல் நின்றபோது அடிபட்டது கூலிக்காரப் பெண்கள்தான்.

தாமிரபரணியாருக்கு ஒன்று. கொடியங்குளத்தில் ஏன் அடித்தார்கள்? அடிக்காமல் முன்புபோல அடக்க முடியவில்லை என்பதால். கைகட்டி நின்றவரை போலீஸ் தேவைப்படவில்லை. அடுக்கு உறுதியாக இருந்தால் வன்முறை வேண்டியதில்லை. அது ஆட்டம் கண்டதன் அடையாளம் அந்த வன்முறை.

தாமிரபரணி வாசகன்:

கிணற்றில் கலந்ததைக் குடிக்க முடியாமல் தண்ணீருக்கு அலைந்தவர்களிடம் போய் "இது முன்னேற்றத்தின் அடையாளம்" என்று சொல்ல எனக்கு நாக்கு எழாது அண்ணே. அந்தக் காலம் கைகட்டி நின்றவரை வன்முறை இல்லை என்கிறீர்கள். சாணிப்பால் வன்முறை இல்லையா? அது தினசரி நடந்ததால் செய்தியாகவில்லை, அவ்வளவே.

செங்காந்தள்:

நீடாமங்கலத்தாரிடம் நேராகவே ஒன்று கேட்கிறேன். உங்கள் ஊர் மிராசுதார்கள் நிலத்தை விற்றுவிட்டுச் சென்னைக்கும் பம்பாய்க்கும் போனார்களே, அந்த நிலத்தை யார் வாங்கினார்கள்? காலனியில் எத்தனை பேருக்குப் பட்டா இருக்கிறது?

டெல்டாவின் பெரும்பாலான ஊர்களில் நான் பார்த்தது இதுதான். அக்கிரகாரம் காலியானது. குத்தகைக்காரர்களாக இருந்த இடைநிலைச் சாதியினர் நில உடைமையாளர் ஆனார்கள். வெளியூரில் இருந்து காரியஸ்தரை வைத்து ஆண்ட மிராசுதாருக்குப் பதில், உள்ளூரிலேயே இருக்கும், ஊராட்சியும் கூட்டுறவுச் சங்கமும் கையில் இருக்கும் புதிய உடைமையாளர். ஒரு குடும்பம் வைத்திருக்கக்கூடிய நில உச்சவரம்பு 1961இல் 30 ஸ்டாண்டர்டு ஏக்கர் (மண்ணின் தரத்தை வைத்துக் கணக்கிடும் ஏக்கர்), 1970இல் 15 ஆயிற்று. பினாமிகளும் அறக்கட்டளைகளும் அதைத் தின்றன. பொருளாதாரம் மிராசைக் கலைத்தது என்றால், நிலம் கூலிக்காரன் கைக்கு ஏன் வரவில்லை? சந்தை நிலத்தை விற்கிறது. யாருக்கு என்பதைச் சாதிதான் தீர்மானிக்கிறது.

வைகைக்கரை வணிகன்:

காசு இருப்பவனுக்கு விற்கிறது. காலனியில் இனிமேல்தான் அந்த அளவு காசு சேரும். நிலம் இன்னும் எதற்கு? அடுத்த தலைமுறை நிலத்தைத் தாண்டிப் போய்விடும்.

காவேரிக்கரைப் பெண்:

நிலம் வேண்டாம் என்று நிலம் இருப்பவர்கள்தான் சொல்கிறார்கள். கொரோனா ஊரடங்கில் திருப்பூரில் இருந்து நடந்தும் லாரியிலும் திரும்பியவர்கள் எங்கே வந்தார்கள்? ஊருக்குத்தான். நிலம் இருந்தவன் வயலுக்குப் போனான். இல்லாதவன் மறுபடி அதே வாசலில் வேலை கேட்டு நின்றான்.

நீடாமங்கலத்தான்:

செங்காந்தள் தோழருக்குப் பதில். எங்கள் ஊர்க் காலனியில் நஞ்சைப் பட்டா விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான். அதை மறைக்க எனக்கு ஒன்றுமில்லை.

ஆனால் இப்போது எங்கள் ஊரில் நடக்கும் ஒரு விஷயத்தைச் சொல்கிறேன், நீங்களே எடை போடுங்கள். காலனிச் சுடுகாட்டுக்குப் பாதை கிடையாது. மழைக்காலத்தில் பிணத்தைச் சுமந்து நட்ட வயலுக்குள் இறங்கித்தான் போக வேண்டும். பல தேர்தல் பார்த்த கோரிக்கை. இந்த முறை மனுவோடு சர்வே நகல், புகைப்படம், பழைய வரைபடம் எல்லாம் இணைத்துக் கொடுத்திருப்பவர் திருப்பூரில் பல வருஷம் சூப்பர்வைசராக இருந்துவிட்டு வந்தவர். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு அந்த வரைபடத்தை வாங்கியதும் அவர்தான். வெளியே போய்ச் சம்பாதித்து, நாலு அதிகாரிகளிடம் பேசிப் பழகிய ஆள். அந்தத் துணிச்சல் ஊருக்குள்ளேயே கிடந்திருந்தால் வந்திருக்காது.

செங்காந்தள்:

மனு எந்த நிலையில் இருக்கிறது?

நீடாமங்கலத்தான்:

வயல்காரர்கள் மூன்று பேர். இரண்டு பேர் விலைக்குக் கொடுக்கச் சம்மதித்துவிட்டார்கள், காலனிக்காரர்களே வசூல் பண்ணிப் பணமும் தயார். மூன்றாமவர் என்ன விலைக்கும் தர மாட்டேன் என்கிறார். அரசு கையகப்படுத்தினால்தான் உண்டு. அடுத்த மாதம் அதற்காகப் போராட்டத்தில் உட்காரப் போகிறார்கள், சங்கக் கொடியோடுதான்.

தாமிரபரணி வாசகன்:

தேதியை இங்கே போடுங்கள் அண்ணே. அந்தப் பக்கம் இருப்பவர்கள் வருவோம்.