உருமாறும் விலங்குகள்: பழைய ஜப்பானியப் படங்களில் உங்களை உலுக்கிய காட்சி எது?

ஷோஸோ மகினோ 1921இல் எடுத்த ஜிராயா மௌனப் படத்தை முதலில் வீட்டில் சத்தமே இல்லாமல் பார்த்தேன். மிஞ்சியிருப்பது இருபது நிமிடம் சொச்சம்தான். தேரை மந்திரம் கற்றவன் ஜிராயா, பாம்பு வித்தைக்காரன் ஒரோச்சிமாரு, ஓடில்லாத நத்தையின் மந்திரம் தெரிந்தவள் சுனாதே. பாம்பு தேரையைத் தின்னும், தேரை நத்தையைத் தின்னும், நத்தையோ பாம்பையே கரைத்துவிடும் என்பது அங்கே பழைய நம்பிக்கை.

நாயகன் மத்ஸுனோசுகே ஓனோயே மந்திரம் போட்டதும் புகை கிளம்பும், அவர் நின்ற இடத்தில் ஆள் உயரத் தேரை நிற்கும். கேமராவை நிறுத்தி, ஆளை மாற்றி, மறுபடி ஓட்டியிருக்கிறார்கள், அவ்வளவுதான். வித்தை புரிந்துவிட்டதால் அன்று எனக்குப் பெரிதாக ஒன்றும் தோன்றவில்லை.

அப்புறம் டோக்கியோவில் ஒரு சின்ன அரங்கில் அதே படத்தை பென்ஷியோடு பார்த்தேன். திரைக்குப் பக்கத்தில் இருந்தபடி எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுத்துக் கதை சொல்பவர்தான் பென்ஷி. புகை எழும்போது அவர் குரலும் ஏறியது, சட்டென்று நின்றது. அந்த அமைதியில் தேரை வந்து நின்றபோது எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. அந்தப் படத்தில் பாதி அந்தக் குரல்தான் என்று அப்போதுதான் புரிந்தது. ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்தவர் மத்ஸுனோசுகே. இன்று பார்க்கக் கிடைப்பவை விரல்விட்டு எண்ணக்கூடியவை. நினைத்தால் மனசு கனக்கிறது.

*

எனக்குப் பூனைதான். 1930களில் பேய்ப்பூனைப் படங்களின் ராணி சுமிகோ சுஸுகி. 1938இல் வந்த ஒன்றில் அவர் பொறாமை பிடித்த நடிகை; பூனையையும் ஒரு பெண்ணையும் கொன்றுவிடுவார். கதை ஷாமிசென் வாத்தியத்தைச் சுற்றியே நடக்கும். அந்த வாத்தியத்துக்குப் பூனைத்தோல் போர்த்துவார்கள் என்று தெரிந்த பிறகு மறுபடி பார்த்தேன். தந்தி அதிரும் ஒவ்வொரு தடவையும் செத்த பூனை கூப்பிடுவதுபோலவே இருந்தது. மேலே எழுதியவர் சொன்னது சரி. இங்கேயும் பயம் காது வழியாகத்தான் வந்தது.

*

பயம் மட்டும்தானா? 1939இல் கெய்கோ கிமுரா எடுத்த தனுகி அரண்மனைப் படத்தையும் பாருங்கள். முழுக்கப் பாட்டும் ஆட்டமும். தனுகி நாய்க் குடும்பத்தைச் சேர்ந்த காட்டு விலங்கு. தலையில் ஓர் இலையை வைத்துக்கொண்டால் எதுவாகவும் மாறும் என்பார்கள். அந்தப் படத்தை என் மகளோடு பார்த்தேன். மறுநாள் காலை தலையில் கறிவேப்பிலையோடு வந்து நின்றாள், தான் யாரென்று கண்டுபிடிக்கச் சொல்லி.