ரோம்ல சின்ன குரூப் கைடு டூர் எடுக்கலாமா, இல்ல நாமளே சுத்திக்கலாமா? (அம்மாவும் கூட வர்றாங்க)

செந்தூல்பொண்ணு:

வணக்கம் எல்லாருக்கும். ரெண்டு வருஷமா இங்க படிச்சிட்டு மட்டும் போயிடுவேன், இப்பதான் முதல் தடவை வாயத் தொறக்குறேன்.

ஜூன்ல இத்தாலி போறோம். நான், வீட்டுக்காரர், 14 வயசு பையன், அம்மா (67). ரோம்ல நாலு நாள். கொலோசியம், ரோமன் ஃபோரம் (பழைய ரோமோட நடு மைதானம்), பாலட்டைன் குன்று மூணையும் காட்டுற சின்ன குரூப் டூர் ஒண்ணு பாத்து வச்சிருக்கேன், அதிகபட்சம் 12 பேராம், மூணு மணி நேரமாம். ஆனா விலை வெறும் டிக்கெட்டைவிட மூணு மடங்கு, நாலு பேருக்குக் கணக்கு போட்டா ஆயிரம் வெள்ளிய (ரிங்கிட்) தாண்டிடுது. வீட்டுக்காரர் "உடைஞ்ச கல்லு பாக்க எதுக்குலா கைடு, யூடியூப் பாத்துட்டுப் போனா பத்தாதா"ன்னு ஒரே பிடியா நிக்கிறாரு. பையனுக்கு கிளாடியேட்டர் மட்டும் போதும். எனக்குத்தான் அவ்வளவு தூரம் போயி ஒண்ணும் புரியாம போட்டோ மட்டும் எடுத்துட்டு வந்துடுவோமோன்னு இருக்கு.

இன்னொரு கவலை அம்மா முட்டி. வருஷா வருஷம் பத்துமலை 272 படியும் ஏறுறவங்க, போன தைப்பூசத்துக்குப் பாதியிலேயே உக்காந்துட்டாங்க. குரூப்போட போனா அவங்க வேகத்துக்கு நடக்க முடியுமா? போனவங்க யாராச்சும் சொல்லுங்களேன்.

—

ஆயர்ஈத்தாம்_குமார்:

அக்கா நான் போன அக்டோபர்ல போயிட்டு வந்தேன் அதனால சூடா சொல்றேன். உங்க வீட்டுக்காரர் சொல்றது பாதி சரி. கொலோசியத்துக்கு கைடு கண்டிப்பா வேணும்னு இல்ல, உள்ள போனதுமே அது என்னன்னு தெரிஞ்சிடும், புக்கிட் ஜாலில் ஸ்டேடியம் பாத்த எவனுக்கும் அது புரியும், சத்தியமா அதே மாதிரிதான், வெளிய வளைவுக்கு மேல ரோமன் எண்ல கேட் நம்பர் செதுக்கியிருக்கும், மொத்தம் 80 வளைவு, அதுல 76க்கு நம்பர், மிச்சம் நாலு பெரிய ஆளுங்க போற வாசல், ஜனங்க கையில இருக்கிற சீட்டு நம்பரப் பாத்து அந்த வாசல்ல நுழைவாங்களாம். 50 ஆயிரம் பேர்வரைக்கும் உக்காந்திருப்பாங்கன்னு சொல்றாங்க. நீரோ உக்காந்து பாத்த இடம்னு நினைச்சாலே புல்லரிச்சுப் போச்சு எனக்கு.

ஆனா ஃபோரம் வேற கதை. நான் முதல் நாள் தனியா போனேன். ரெண்டு மணி நேரம் வெயில்ல நடந்தேன், தூண் தூண் தூண், பாதி சுவர், புல்லு, பூனை. ஒரு எழவும் புரியல. பேசாம வந்து ஜெலாத்தோ சாப்பிட்டுட்டு தூங்கிட்டேன். மறுநாள் பத்து பேர் குரூப்ல அதே இடத்துக்கு மறுபடியும் போனேன், அங்கதான் கண்ணு தொறந்துச்சு.

ஒண்ணு மட்டும் சொல்றேன். அந்தோனினஸ் பவுஸ்தினா கோயில்னு ஒண்ணு, கி.பி. 141ல கட்ட ஆரம்பிச்சது, இப்ப அதுக்குள்ள ஒரு சர்ச் இருக்கு. அதோட பச்சை கலர் வெண்கலக் கதவு தரையிலிருந்து ரொம்ப உயரத்துல அந்தரத்துல தொங்குது, கதவுக்குப் போக வழியே இல்ல. முந்தின நாள் அதுக்கு முன்னாடி நின்னு செல்ஃபியே எடுத்திருக்கேன், ஏன் கதவு மேல இருக்குன்னு ஒரு கேள்வி வரல பாருங்க. கைடு அம்மா சொன்னாங்க, சர்ச்சுக்குக் கதவு வச்ச காலத்துல தரை அங்கதான் இருந்துச்சாம். மொத்த ஃபோரமும் மண்ணு மூடிக் கிடந்துச்சு, மாடு மேய்ச்சிட்டு இருந்தாங்க, பேரே மாட்டு மைதானம்தான், காம்போ வாச்சினோ. அப்புறம் தூணுக்கு மேல பக்கமா கயிறு இறுக்கின மாதிரி சாய்வா வெட்டுத் தடம், இடிச்சு எடுக்கப் பாத்து முடியாம விட்டுட்டுப் போனதாம். அதைக் காட்டினப்ப எல்லாரும் ஒரே நேரத்துல தலைய மேல தூக்கினோம். அதுக்குத்தான்கா காசு.

பணம் இழுக்குதுன்னா கொலோசியத்துக்கு சும்மா டிக்கெட் மட்டும் (18 யூரோ, அதுலயே ஃபோரமும் பாலட்டைனும் சேர்த்தி), ஃபோரத்துக்கு மட்டும் தனியா கைடு பாருங்க.

—

கிள்ளான்காரன்:

டூர் எடுங்க ஆனா கண்ணை மூடிட்டு எடுக்காதீங்க. எனக்கு நடந்தத சொல்றேன், கம்பெனி பேரு வேணாம்.

சின்ன குரூப், 12 பேர்னுதான் போட்டிருந்தான். போயி நின்னா மூணு குரூப்பை ஒண்ணாக்கி 25 பேரு, காதுல மாட்டுற கருவி என்னோடதுல கரகரன்னு சத்தம், கைடு மஞ்சக் குடைய தூக்கிட்டு முன்னால ஓடுறாரு, நாங்க பின்னாடி வாத்து மாதிரி. என் மாமியார் ஒரு தடவை செருப்பு வார் போடக் குனிஞ்சாங்க, நிமிந்து பாத்தா குடையைக் காணோம்! தித்துஸ் வளைவுக்குள்ள ஜெருசலத்துலேருந்து கொள்ளையடிச்ச ஏழு கிளை விளக்கத் தூக்கிட்டுப் போற செதுக்கல் இருக்கு, அவ்வளவு அருமையான விஷயம், எங்களுக்குக் கிடைச்சது முப்பது செகண்ட்.

அதனால புக் பண்றதுக்கு முன்னாடி எழுதிக் கேளுங்க, அதிகபட்சம் எத்தன பேர், வேற குரூப்போட சேப்பீங்களா, கைடுக்கு லைசன்ஸ் இருக்கா (இத்தாலில லைசன்ஸ் இல்லாம கைடு வேல பாக்கக் கூடாது, கழுத்துல அட்டை தொங்கும்). பதிலே வராட்டி விட்டுடுங்க. மெட்ரோ விட்டு வெளிய வந்ததும் "லைன் இல்லாம உள்ள கூட்டிட்டுப் போறேன்"னு மொய்ப்பானுங்க, திரும்பிக்கூட பாக்காதீங்க, செக்யூரிட்டி லைன் எல்லாருக்கும் உண்டு. டிக்கெட்ல பேர் போட்டிருக்கும், பாஸ்போர்ட் பேரும் அதுவும் ஒண்ணா இருக்கணும். நம்ம ஆளுங்களுக்கு பேருக்கு நடுவுல வர்ற இந்த ஏ/எல் (மகன்) ஏ/பி (மகள்) விவகாரம் வேற, அதனால பாஸ்போர்ட்ல எப்படி இருக்கோ அப்படியே எழுத்துக்கு எழுத்து அடிங்க.

பையனுக்கு 18 ஆகல இல்ல, நுழைவு இலவசம், ஆனா அவனுக்கும் பேர் போட்டு டிக்கெட் எடுத்தாகணும். டூர்காரன் அவனுக்கும் முழு காசு போட்டிருந்தா ஏன்னு கேளுங்க.

—

ஓய்வுபெற்ற_வாத்தியார்:

குமார் தம்பி, நல்லா எழுதியிருக்கீங்க, ஆனா ஒரு சின்னத் திருத்தம். நீரோ அங்க உக்காரவே இல்ல. அவன் செத்தது கி.பி. 68. கொலோசியத்தை அதுக்கப்புறம்தான் பேரரசன் வெஸ்பாசியன் ஆரம்பிச்சு, மகன் தித்துஸ் 80ல திறந்து வச்சான். நீரோ அரண்மனைத் தோட்டத்துல வெட்டி வச்சிருந்த ஏரியத் தூத்துட்டுத்தான் அதே இடத்துல அதைக் கட்டினாங்க. பக்கத்துல நின்ன நீரோவோட மாபெரும் சிலையாலதான் பின்னால கொலோசியம்னு பேரே வந்துச்சு. ஆக ஆளு இல்ல, பேரு மட்டும் அவனால.

செல்வி மா, நீங்க தமிழ் ஆளு, அதனால எந்த கைடும் தானா சொல்லாத ஒரு இடத்த நீங்களே கேட்டுப் பாக்கணும். ஃபோரத்துல மூணு பிரம்மாண்டமான வளைவோட ஒரு கட்டடம் நிக்கும், மக்சென்தியுஸ் பசிலிக்கா. அதுக்கு முன்னாடி அதே இடத்துல பேரரசன் டொமிஷியன் கட்டின மிளகுக் கிடங்கு இருந்துச்சு, ஹோரியா பிப்பரட்டாரியான்னு பேரு. பேருலேயே மிளகு. அந்த மிளகு எங்கேருந்து போச்சு? பெரும்பாலும் சேர நாட்டுலேருந்துதான். யவனர் கப்பல் பொன்னோட வந்து மிளகோட திரும்பிப் போகும்னு முசிறியப் பத்தி அகநானூறு சொல்லுதே, அந்த மூட்டை போய் இறங்கின கடைசி இடங்கள்ல இதுவும் ஒண்ணு. பாட்டோட ஒரு முனை நம்மகிட்ட இருக்கு, இன்னொரு முனை அங்க ஃபோரத்துல இருக்கு. பிளினின்னு ஒரு ரோமன், வருஷத்துக்கு 5 கோடி செஸ்டர்ஸ் (ரோமன் காசு) இந்தியாவுக்குப் போயிடுதேன்னு அப்பவே புலம்பியிருக்காரு.

நான் போனப்ப கைடுகிட்ட இதைச் சொன்னேன். அந்தப் பையன் நடக்கிறத நிறுத்திட்டு எங்க குரூப் எட்டு பேரையும் அங்கேயே உக்கார வச்சு, கிடங்குல தண்ணித் தொட்டி எங்க இருந்துச்சு, சரக்கு எங்க அடுக்கியிருப்பாங்கன்னு கால் மணி நேரம் பேசினான். 25 பேர் கூட்டத்துல இது நடக்காது. சின்ன குரூப்புக்குக் காசு குடுக்கிறது நாம கேள்வி கேக்கத்தான்மா, அவங்க பேசுறத கேக்க மட்டும்னா யூடியூபே போதும், உங்க வீட்டுக்காரர் சொல்றது தப்பில்ல.

—

பட்டர்வொர்த்_லதா:

நான் முட்டிவலிக் கட்சி, அதனால அம்மாவப் பத்தி மட்டும்.

கொலோசியத்துல படி ரொம்ப செங்குத்து, பினாங்கு தண்ணீர்மலைக் கோயில் படியெல்லாம் இதுக்கு மெத்தை. ஆனா லிஃப்ட் இருக்கு, வெக்கப்படாம ஊழியர்கிட்ட கேளுங்க. ஃபோரத்துலதான் கஷ்டம், பழைய ரோமன் ரோடு பூரா பெரிய பெரிய கருங்கல்லு, வழவழன்னு தேஞ்சு ஒண்ணு மேல ஒண்ணு கீழ. எங்க அக்கா புது செருப்பு போட்டுட்டு வந்து பாதியில கழட்டிக் கையில வச்சிக்கிட்டாங்க. அம்மாவுக்கு நல்லா பழகின ஷூ. பாலட்டைன் குன்று ஏத்தம், முட்டி மக்கர் பண்ணா அதை விட்டுடலாம், குரூப் டூர்னா முன்னாடியே கைடுகிட்ட சொல்லிடுங்க.

ஜூன் வெயில்ல காலையில முதல் ஸ்லாட்ட எடுங்க, பசியாறிட்டு மெதுவா கிளம்பலாம்னு நினைச்சா பத்து மணிக்கு அடுப்பு மேல நிக்கிற மாதிரி இருக்கும், உள்ள நிழலே கிடையாது. தண்ணி வாங்கிக் காசக் கரியாக்காதீங்க, ரோம் பூரா தெருக்குழாயில சில்லுன்னு நல்ல தண்ணி ஓடிட்டே இருக்கும், நசோனேன்னு சொல்வாங்க. பிளாஸ்டிக் பாட்டில் கொண்டு போங்க, கண்ணாடி பாட்டில கொலோசியத்துக்குள்ள விடமாட்டாங்க, பெரிய பையும் கூடாது.

—

செந்தூல்பொண்ணு:

ஐயோ இவ்வளவு பதில் வரும்னு நினைக்கவே இல்ல, எல்லாருக்கும் நன்றி. வாத்தியார் ஐயா, என் பேரு செல்வி இல்லங்க, ஆனா கூப்பிட்டது நல்லாத்தான் இருக்கு, அப்படியே இருக்கட்டும்.

நேத்து ராத்திரி வீட்டுக்காரருக்கு அந்த அந்தரத்துல தொங்குற கதவு படத்தைக் காட்டி "இது ஏன் மேல இருக்கு சொல்லுங்க பாப்போம்"னு கேட்டேன். "ரோமன்காரன் உயரமா இருந்திருப்பான்"ங்கிறாரு. அதோட வாக்குவாதம் முடிஞ்சிச்சு.

ஒரே ஒரு கேள்வி, ஒரு நாள் மிச்சம் இருக்கு. பொம்பேய் போகலாமா இல்ல ரோம் பக்கத்துலேயே ஏதாவது?

—

ஆயர்ஈத்தாம்_குமார்:

நீரோ விஷயத்துக்கு மன்னிப்பு ஐயா, வீட்டுல எல்லார்கிட்டயும் அப்படியே சொல்லி வச்சிருக்கேன், இனி ஒவ்வொருத்தரா திருத்தணும்.

அக்கா பொம்பேய் நான் போனேன். ரோம்லேருந்து நேப்பிள்ஸ் வேக ரயில்ல ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல, அங்கேருந்து சின்ன ரயில்ல இன்னொரு 35, 40 நிமிஷம், அந்த ரயில் கூட்டத்த பாத்தா நம்ம கொமுட்டர் ரயில் சொர்க்கம். இப்ப ஒரு நாளைக்கு 20 ஆயிரம் பேர்தான் உள்ள விடுறாங்க, அதனால டிக்கெட் முன்கூட்டியே. ஊரு ஊரா அப்படியே கிடக்கு, கி.பி. 79ல எரிமலை மூடினது, தெரு முனையில சாப்பாட்டுக்கடை, கல்லு மேடையில பானை பதிச்சு வச்சிருக்கான், நம்ம நாசி கண்டார் கடையில குழம்புச் சட்டி வரிசையா இருக்கும்ல அதே. என் பொண்டாட்டி பாத்ததும் "கறி பஞ்சிர் (குழம்பு வழிய வழிய) போட்டுக் குடுன்னு கேளு"ங்கிறா. அங்க கிடைச்ச நம்ம ஊரு தந்தச் சிலை ஒண்ணு, 1938ல தோண்டினது, நேப்பிள்ஸ் மியூசியத்துல இருக்கு, முதல்ல லட்சுமின்னாங்க, யட்சியா இருக்கும்னும் சொல்றாங்க, சாண் உயரத்துக்குக் கொஞ்சம் கூட.

ஆனா அம்மாவோட ஒரே நாள்ல போயிட்டு வர்றது கஷ்டம்தான்.

—

கிள்ளான்காரன்:

அம்மா இருக்காங்கன்னா ஓஸ்தியா அந்திகா போங்க. ரோமோட பழைய துறைமுக ஊரு. பிரமிடே மெட்ரோ பக்கத்துலேருந்து ரயில், அரை மணி நேரம், சாதாரண மெட்ரோ டிக்கெட்டே செல்லும். பைன் மர நிழல், கூட்டம் கம்மி. வியாபாரிங்க ஆபீஸ் இருந்த ஒரு சதுக்கம், தரை பூரா மொசாய்க்ல கப்பல் படம், ஒண்ணுல யானை. பொதுக் கழிப்பறை வேற, கல்லுல வரிசையா ஓட்டை, நடுவுல தடுப்பே இல்லாம எல்லாரும் உக்காந்து ஊர்க்கதை பேசியிருக்கானுங்க, உங்க பையனுக்கு கொலோசியத்தவிட அதுதான் பிடிக்கும் பாருங்க. திங்கக்கிழமை மட்டும் லீவு.

—

செந்தூல்பொண்ணு:

முடிவாயிடுச்சு. கொலோசியம் நாங்களே, ஃபோரத்துக்கு மட்டும் எட்டு பேர் குரூப், காலையில முதல் ஸ்லாட். வேற குரூப்போட சேக்க மாட்டோம்னு எழுதியே வாங்கிட்டேன், மிளகுக் கிடங்கு காட்டுவீங்களான்னும் கேட்டேன், கேட்டது நீங்கதான் முதல் ஆளுன்னு பதில் வந்துச்சு. ஒரு நாள் ஓஸ்தியா.

அம்மாவுக்கு வாத்தியார் ஐயா எழுதினத அப்படியே படிச்சுக் காட்டினேன். முழுசா கேட்டுட்டு எழுந்து அடுப்படிக்குப் போனாங்க. இன்னிக்குப் பாக்குறேன், பயணப் பையில சின்ன டப்பா நிறைய மிளகு பொடிச்சு வச்சிருக்காங்க, அங்க சாப்பாடு சப்புன்னு இருக்குமாம்.