மூலையில் ஓடும் எஃப்பிஎஸ் எண்: போட்டுவைப்பதா, அணைப்பதா?

ஊர்சுற்றி:

நேராகவே சொல்லிவிடுகிறேன். கேம் ஆடும்போது திரை மூலையில் எஃப்பிஎஸ் எண்ணை, அதாவது விநாடிக்கு எத்தனை ஃபிரேம் (படம்) வருகிறது என்பதை, ஓடவிடுவது ஆட்டத்தைக் கெடுக்கிற பழக்கம். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2-ல் பனிமலை ஏறிக்கொண்டிருப்பேன், கண் மட்டும் மேல் மூலைக்குப் போய்விடும். 60, 59, 61, 54. அந்த 54-ஐப் பார்த்ததும் குதிரையை நிறுத்திவிட்டு செட்டிங்ஸுக்குள் போய் நிழலின் தரத்தைக் குறைப்பேன். எண் 60-க்கு வந்ததும் மனம் ஆறும். படத்தில் என்ன மாறியது என்று கேட்டால் சொல்லத் தெரியாது.

ரெட் டெட், சைபர்பங்க் மாதிரி பல கேம்களில் வேகத்தை அளக்கும் பெஞ்ச்மார்க் சோதனை உள்ளேயே இருக்கிறது. ஒருமுறை அதை ஓட்டி செட்டிங்ஸை முடிவு செய்துவிட்டு எண்ணை அணைத்துவிடுங்கள் என்பதுதான் என் கட்சி. எண்ணை மறைத்துவிட்டால் 54-க்கும் 60-க்கும் வித்தியாசம் சொல்ல உங்களில் எத்தனை பேரால் முடியும்? மறுப்பவர்கள் வரலாம்.

அளவுகோல்:

வந்துவிட்டேன்.

பெஞ்ச்மார்க் ஓடுவது சில நிமிடம்தான். லேப்டாப் முழுதாகச் சூடேற அதைவிட நேரமாகும். சூடேறியபின் சிப் தன்னைக் காத்துக்கொள்ளத் தன் வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். ஆரம்பத்தில் 75 கொடுத்த மெஷின் அரைமணி கழித்து 50 கொடுக்கும். மே மாத மதியத்தில், ஏசி இல்லாத அறையில் ஆடியவர்களுக்கு இது தெரியும். எண் இல்லாதவர் "கேம் சரியில்லை, அப்டேட்டில் கெடுத்துவிட்டார்கள்" என்று திட்டுவார். எண்ணும் அதன் பக்கத்தில் வெப்பநிலையும் வைத்திருப்பவர் ஃபேனைத் துடைப்பார்.

இன்னொன்று. எஃப்பிஎஸ்ஸை மட்டும் தனியாக வைக்காதீர்கள், படம் வரையும் சிப்பான ஜிபியு எத்தனை சதவீதம் வேலை செய்கிறது என்பதையும் சேர்த்து வையுங்கள். ஜிபியு 97, 98 சதவீதத்தில் நிற்கிறது, எஃப்பிஎஸ் குறைவு என்றால் நிழல், ரெசல்யூஷன் எல்லாம் குறைத்தால் பலன் உண்டு. ஜிபியு 55 சதவீதத்தில் சும்மா இருக்க எஃப்பிஎஸ் மட்டும் தவழ்ந்தால், பெரும்பாலும் சிபியுவோ ரேமோ ஈடுகொடுக்கவில்லை என்று அர்த்தம். அப்போது நிழலைக் குறைத்து ஒன்றும் ஆகாது, கூட்டத்தின் அளவு, பார்வைத் தூரம் போன்றவற்றைக் குறைத்துப் பார்க்க வேண்டும். ஒரே ரேம் குச்சியோடு விற்ற லேப்டாப் வைத்திருப்பவர்கள் எத்தனை பேர் இந்த வித்தியாசம் தெரியாமல் எல்லாவற்றையும் "லோ"வில் வைத்து, படமும் கெட்டு, வேகமும் வராமல் ஆடிக்கொண்டிருக்கிறார்கள்!

ஊர்சுற்றி:

நீங்கள் சொல்வது நோய் வந்தபோது பார்ப்பது. காய்ச்சல் அடித்தால் தெர்மாமீட்டர் வைக்கலாம், யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. அதை வாயில் வைத்துக்கொண்டே மூன்று வேளையும் சாப்பிடுவீர்களா?

ஸ்மோக்குண்டு:

நான் கவுன்டர் ஸ்ட்ரைக் 2 ஆடுகிறவன். மலை, குதிரை, விடியற்காலை எதுவும் எங்கள் ஊரில் கிடையாது. ஒரு ஸ்மோக் (புகைக்குண்டு) விழுந்து, அதற்குள் நாலு பேர் சுட ஆரம்பித்தால் 280 இருந்த எண் 170 ஆகும். அது தெரியாமல் எய்ம் ஏன் இழுக்கிறது என்று மவுஸை மாற்றிக்கொண்டிருப்பதா? 2023-ல் இந்த கேம் வந்தபோது எஃப்பிஎஸ் காட்டும் பழைய நெட்கிராஃப் இல்லை என்று எவ்வளவு பேர் கத்தினார்கள், நினைவிருக்கிறதா? எங்களுக்கு அந்த எண் ரேடார் மாதிரி, திரையில் இருந்தே ஆக வேண்டும்.

மில்லிசெகண்ட்மாரி:

மூன்று பேரும் தவறான எண்ணுக்காகச் சண்டை போடுகிறீர்கள்.

மூலையில் தெரிவது ஏறக்குறைய ஒரு விநாடியின் சராசரி. ஒரு கணக்கு போடுங்கள். 59 ஃபிரேம், ஒவ்வொன்றும் 14 மில்லிசெகண்ட்: 826. அறுபதாவது ஃபிரேம் மட்டும் 174 மில்லிசெகண்ட். மொத்தம் 1000. மூலையில் எண் காட்டும் கவுன்டர் "60" என்று சிரித்துக்கொண்டே சொல்லும். ஆடுகிறவர் கண்ணுக்கோ படம் ஒரு கணம் சிக்கி நகர்ந்திருக்கும். ஷேடர் (ஒளி, நிழல் வரையும் சிறு நிரல்) கம்பைல் ஆகும்போது வரும் திணறல் இந்த வகைதான். அன்ரியல் எஞ்சினில் செய்த பல கேம்களில் புதிய இடத்துக்குள் நுழைந்தவுடன் ஒரு உதறு உதறுமே, அதுவேதான்.

2011-ல் டெக் ரிப்போர்ட் தளத்தில் ஸ்காட் வாசன் இதைத்தான் எழுதினார். சராசரி எஃப்பிஎஸ்ஸை வைத்து கார்டுகளை ஒப்பிடாதீர்கள், ஒவ்வொரு ஃபிரேமும் எத்தனை மில்லிசெகண்ட் எடுத்தது என்று பாருங்கள் என்றார். இன்று எல்லா விமர்சனத்திலும் வரும் "1 சதவீத லோ" (மிக மெதுவான 1 சதவீத ஃபிரேம்களின் வேகம்) அந்த வழியில் வந்ததுதான். இத்தனை வருடம் கழித்தும் இங்கே 54-ஆ 60-ஆ என்று நிற்கிறோம்.

எண் வேண்டாம், ரிவா ட்யூனர் என்ற மென்பொருளில் ஃபிரேம் டைம் (ஒவ்வொரு ஃபிரேமும் எடுத்த நேரம்) கோட்டைப் போடுங்கள். கோடு தட்டையாக ஓடினால் 45 கூட நன்றாக இருக்கும். முள்ளு முள்ளாகக் குத்தினால் 90-ம் நரகம்.

ஊர்சுற்றி:

எண்ணையே பார்க்காதீர்கள் என்றால் ஈசிஜியைப் போடச் சொல்கிறீர்கள்.

பழையபென்டியம்:

தம்பிகளா, ஒரு பழைய கதை. 1999-ல் ஃபிராப்ஸ் என்று ஒன்று வந்தது. மூலையில் மஞ்சள் நிற எண். அந்த மஞ்சளைப் பார்த்தால் இன்றைக்கும் எனக்கு ஒரு சந்தோஷம். 2013-க்குப் பிறகு அதற்கு அப்டேட் இல்லை. அப்போதெல்லாம் எண்ணைப் போடுவது பெருமைக்கு அல்ல, 20-ஐத் தாண்டுகிறதா என்று பார்ப்பதற்கு.

ஃபிரேம் ரேட் கண் சம்பந்தப்பட்டது மட்டும் என்றும் நினைக்காதீர்கள். டார்க் சோல்ஸ் 2 பிசியில் 60-ல் ஓடியபோது வாள் தேய்வது ஏறக்குறைய இரட்டிப்பு வேகத்தில் நடந்தது. 30-க்கு எழுதிய கணக்கை 60-க்கு மாற்றவில்லை. 2015-ல்தான் சரிசெய்தார்கள். ஸ்கைரிம்மில் 60-ஐத் தாண்டவிட்டால் பாத்திரம் பண்டமெல்லாம் மேசையிலிருந்து பறக்கும். எல்டன் ரிங்கை இன்றைக்கும் 60-க்கு மேல் விடாமல்தான் வைத்திருக்கிறார்கள்.

அளவுகோல்:

அண்ணே, இதுவும் என் பக்கத்துச் சாட்சிதான், நன்றி.

மாரிக்கு: கோடு நல்லதுதான், மறுக்கவில்லை. ஆனால் புதிதாக வருகிறவனுக்கு முதலில் எண் புரியட்டும்.

புதுலேப்டாப்:

அண்ணா, நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். ஆர்டிஎக்ஸ் 3050 லேப்டாப் புதிதாக வாங்கியிருக்கிறேன். இந்த எண்ணை எப்படி வரவழைப்பது? தனி சாஃப்ட்வேர் இறக்கினால் கேம் மெதுவாகுமா?

அளவுகோல்:

கேம் விற்கும் ஸ்டீம் தளத்தில் ஆடுகிறாய் என்றால் ஒன்றும் இறக்க வேண்டாம். செட்டிங்ஸில் "இன் கேம்" பகுதிக்குள் போனால் இருக்கும். என்விடியா ஆப் இருந்தால் ஆல்ட்டும் ஆரும் சேர்த்து அழுத்து. ஏஎம்டி கார்டுக்காரர்களுக்கு கன்ட்ரோல், ஷிஃப்ட், ஓ. விண்டோஸ் பட்டனோடு ஜி அழுத்தினால் கேம் பாரிலும் வரும். சும்மா எண் காட்டுவதால் வேகம் குறைவது உணர முடியாத அளவுதான். எம்எஸ்ஐ ஆஃப்டர்பர்னரோடு வரும் ரிவா ட்யூனரில் எல்லாவற்றையும் பார்க்கலாம், ஆனால் சில ஆன்லைன் கேம்களின் ஆன்டி-சீட் (மோசடித் தடுப்பு) அதை அனுமதிக்காது. அங்கே கேம் உள்ளேயே இருக்கிற எண்ணைப் போட்டுக்கொள்.

புதுலேப்டாப்:

போட்டுவிட்டேன் அண்ணா. 30 காட்டுகிறது. எங்கே போனாலும் 30, 30, 30. வெறும் சுவரைப் பார்த்தாலும் அதேதான். ஜிபியு 40 சதவீதம். லேப்டாப்பில் கோளாறா? கடையில் திருப்பிக் கொடுத்துவிடலாமா?

மில்லிசெகண்ட்மாரி:

திருப்பிக் கொடுக்காதே! அசையாமல் ஒரே எண்ணில் நிற்கிறது என்றால் மெஷின் திணறவில்லை, யாரோ கட்டிவைத்திருக்கிறார்கள். சார்ஜர் குத்தியிருக்கிறாயா? பேட்டரியில் ஓடும்போது மின்சாரம் மிச்சப்படுத்த சில லேப்டாப்களில் கார்டின் மென்பொருளே 30-ல் நிறுத்திவிடும்.

புதுலேப்டாப்:

கட்டிலில் உட்கார்ந்து பேட்டரியில்தான் ஆடிக்கொண்டிருந்தேன். சார்ஜர் போட்டதும் 68, 72 என்று ஆடுகிறது. நன்றி அண்ணா!

அளவுகோல்:

ஊர்சுற்றி, பார்த்தீர்களா? எண் இல்லாவிட்டால் இந்நேரம் கடையில் தகராறு.

ஊர்சுற்றி:

பார்த்தேன். கோளாறு கண்டுபிடிக்க எண் வேண்டும் என்று நானே முதலில் சொல்லியாகிவிட்டது. தம்பி, கண்டுபிடித்தாயிற்று, இனி அதை அணைத்துவிட்டு ஆடு.

கேட்க ஆளில்லாத இன்னொரு விஷயம் இருக்கிறது. இந்த எண்ணே இப்போது விளம்பரப் பலகை ஆகிவிட்டது. 2025 ஜனவரியில் என்விடியா மேடையில் 549 டாலர் 5070 கார்டு, முந்தைய தலைமுறையின் உச்ச கார்டான 4090-க்குச் சமம் என்றார்கள். எப்படி? கேம் வரைவது ஒரு ஃபிரேம், கார்டு தானே ஊகித்து நடுவில் செருகுவது மூன்று. மூலையில் 200 என்று பளபளக்கும், உள்ளே உண்மையில் ஓடுவது 50. மவுஸை அசைத்தால் 50-க்கு உரிய மந்தம்தான், சொல்லப்போனால் அதைவிடக் கொஞ்சம் கூட. இரண்டு ஃபிரேமுக்கு நடுவில் ஒன்றைச் செருக வேண்டுமென்றால் பின்னால் வந்ததைக் கொஞ்சம் பிடித்துவைத்துத்தானே ஆக வேண்டும்? இந்த எண்ணையா அளவுகோல் என்று கும்பிடுகிறீர்கள்?

அளவுகோல்:

அதனால்தான் சரியான எண்ணைப் போடச் சொல்கிறேன். 2025 ஜூனில் ஸ்டீம் கொண்டுவந்த புதிய பெர்ஃபார்மன்ஸ் மானிட்டரில், கேம் உண்மையில் வரைந்த ஃபிரேம் எத்தனை, செருகியதையும் சேர்த்து எத்தனை என்று தனித்தனியாகக் காட்டுகிறது. விளம்பரத்தில் பொய் இருந்தால் அதைப் பிடிக்கவும் ஒரு கருவி வேண்டும்.

ஸ்மோக்குண்டு:

செருகிய ஃபிரேமெல்லாம் எங்கள் கேமுக்குச் சரிப்படாது. 200 காட்டி 50 மாதிரி சுட்டால் முதல் ரவுண்டிலேயே வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

பழையபென்டியம்:

ஸ்மோக்குண்டு தம்பி, ஒரு சந்தேகம். உன் மானிட்டர் எத்தனை ஹெர்ட்ஸ்?

ஸ்மோக்குண்டு:

144.

பழையபென்டியம்:

விண்டோஸ் டிஸ்ப்ளே செட்டிங்ஸில் போய் பார்த்தாயா? கேபிளை மாற்றினாலோ டிரைவரை மாற்றினாலோ சில நேரம் சத்தமில்லாமல் 60-க்கு விழுந்துவிடும். மூலையில் 280 ஓடும், திரை விநாடிக்கு 60 தடவைதான் மாறும். கவுன்டர் காட்டுவது கார்டு எத்தனை தள்ளியது என்பதை. திரை எத்தனை காட்டியது என்று அதற்குத் தெரியாது.

ஸ்மோக்குண்டு:

144-தான் இருக்கிறது. பயமுறுத்திவிட்டீர்கள் அண்ணே.

மில்லிசெகண்ட்மாரி:

மானிட்டர் பேச்சு வந்ததால் ஊர்சுற்றியிடம் முதலிலேயே கேட்டிருக்க வேண்டியதைக் கேட்கிறேன். 54-க்கும் 60-க்கும் வித்தியாசம் தெரியாது என்றீர்களே, உங்களுடையது ஃப்ரீசிங்க் மானிட்டரா?

ஊர்சுற்றி:

ஆமாம். 144 ஹெர்ட்ஸ், ஃப்ரீசிங்க். அதற்கென்ன?

மில்லிசெகண்ட்மாரி:

அதற்குத்தான் எல்லாம். உங்கள் மானிட்டர் கார்டுக்காகக் காத்திருக்கிறது. 54 வந்தால் அதுவும் 54 தடவை மாறுகிறது, ஒவ்வொரு ஃபிரேமும் ஏறக்குறைய 18.5 மில்லிசெகண்ட், சீராக. கண்ணுக்கு உறுத்தாது.

அந்த வசதி இல்லாத சாதாரண 60 ஹெர்ட்ஸ் திரையில் வி-சிங்க் (திரை மாறும் நேரத்தில் மட்டும் புதிய ஃபிரேமைக் காட்டும் அமைப்பு) போட்டு ஆடுகிறவரை எடுத்துக்கொள்ளுங்கள். 50 ஃபிரேம் வருகிறது, திரை 60 தடவை மாறுகிறது. மிச்சம் 10 தடவைக்கு என்ன செய்யும்? பழைய படத்தையே திரும்பக் காட்டும். கேமராவை மெதுவாகத் திருப்பினால் விநாடிக்குப் பத்து முறை படம் தடுக்கித் தடுக்கிப் போகும். அதைக் கண்டுபிடிக்க எண்ணே வேண்டாம், ஆனால் சரிசெய்ய எண் வேண்டும். செட்டிங்ஸைக் குறைத்து 60-ஐ விடாமல் பிடிக்க வேண்டும், முடியாவிட்டால் 30-ல் கட்ட வேண்டும். ஸ்டீம் டெக் என்ற கையடக்கக் கருவியில் திரையையே 40 ஹெர்ட்ஸுக்கு இறக்கி 40-ல் ஆடுகிறார்களே, அதுவும் இதே காரணம்தான். 40 என்றால் 25 மில்லிசெகண்ட். 30-ன் 33.3-க்கும் 60-ன் 16.7-க்கும் சரியாக நடுவில் இருக்கிறது.

அளவுகோல்:

இதைத்தான் நான் சொல்ல வந்தேன், மாரி அழகாகச் சொல்லிவிட்டார். எண்ணை அணைக்கச் சொல்கிற உபதேசம் நல்ல மானிட்டர் வைத்திருப்பவர்களின் உபதேசம்.

ஊர்சுற்றி:

இல்லை, விடமாட்டேன். 60 ஹெர்ட்ஸ்காரர் 60-ஐப் பிடித்துவிட்டார் என்றே வைப்போம். பிறகு மூலையில் எப்போதும் 60. அசையாத எண்ணை எதற்குப் பார்ப்பது? பிடிக்க முடியாமல் தடுக்கினால் அவர் கண்ணே சொல்லிவிடும் என்று மாரியே எழுதியிருக்கிறார். அப்போது போட்டுப் பார்த்துச் சரிசெய்துவிட்டு மறுபடி அணைக்கட்டும். ஆல்ட்டும் ஆரும் எங்கே ஓடிவிடப் போகிறது?

மில்லிசெகண்ட்மாரி:

உங்கள் மானிட்டரிலும் ஒரு எல்லை உண்டு, அதையும் பார்த்துவையுங்கள். பல ஃப்ரீசிங்க் மானிட்டர்கள் 48-லிருந்துதான் வேலை செய்யும். 144 வரை போகிறவற்றில் அதற்குக் கீழே விழுந்தால் ஒரே ஃபிரேமை இரண்டு முறை காட்டிச் சமாளிக்க முடியும். 48 முதல் 75 வரை மட்டுமே போகிற மலிவான மாடல்களில் அதுவும் கிடையாது. எண் 47 ஆனால் கிழிசலோ (படம் குறுக்கே பிளந்து தெரிவது) தடுக்கலோ ஆரம்பம்.

அளவுகோல்:

பேச்சு எதற்கு, சோதனையே வைத்துவிடலாம். ஊர்சுற்றி வீட்டில் யாராவது ரிவா ட்யூனரில் அவருக்குத் தெரியாமல் 52-லோ 60-லோ கட்டிவைக்கட்டும். எண்ணை மறைத்துவிட்டு அவர் எது என்று சொல்லட்டும். முதலில் ஃப்ரீசிங்க் போட்டு, அப்புறம் அதை அணைத்து, திரையை 60 ஹெர்ட்ஸில் வைத்து, வி-சிங்க்கோடு.

ஊர்சுற்றி:

சம்மதம். ஆனால் ரெட் டெட்டில்தான் செய்வேன், ஸ்மோக் போடுகிற கேமில் முடியாது. ஒவ்வொரு நிலையிலும் பல தடவை மாற்றி மாற்றிக் கேட்க வேண்டும், ஒரே ஒரு தடவை குருட்டாம்போக்கில் சரியாகச் சொன்னேன் என்று யாரும் பிறகு சொல்லக்கூடாது. தம்பியிடம் பேசிவிட்டேன், ஞாயிற்றுக்கிழமை செய்கிறோம்.

புதுலேப்டாப்:

அண்ணா, என் லேப்டாப் திரை எத்தனை ஹெர்ட்ஸ் என்று எங்கே பார்ப்பது?

பழையபென்டியம்:

செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, அட்வான்ஸ்ட் டிஸ்ப்ளே. 144 என்று விற்றிருந்தும் அங்கே 60 இருந்தால் மாற்றிவிட்டு வா.