இரண்டு நிலவுகள் உள்ள உலகத்துக்கு நாள்காட்டி: கணக்கில் உதவி தேவை

குழுவினருக்கு வணக்கம். நான் எழுதிவரும் மிகைபுனைவு நாவலின் உலகத்துக்கு ஒரு நாள்காட்டி அமைத்து வருகிறேன். பஞ்சாங்கக் கணிதம் அறிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

அவ்வுலகில் ஆண்டுக்கு 400 நாட்கள். பெரிய நிலவு 32 நாட்களுக்கு ஒருமுறையும் சிறிய நிலவு 25 நாட்களுக்கு ஒருமுறையும் முழுமையடைகின்றன. பெரிய நிலவின் 12 மாதங்கள் 384 நாட்களே ஆவதால், உழவர்களின் சூரிய ஆண்டுக்கும் மீனவர்களின் நிலவாண்டுக்கும் இடையே 16 நாட்கள் இடைவெளி விழுகிறது. ஆனால் இரண்டு ஆண்டுகளுக்கு ஓர் அதிக மாதம் சேர்த்தாலே எல்லாம் பிசிறின்றிப் பொருந்திவிடுகிறது. இரட்டை முழுநிலவும் 800 நாட்களுக்கு ஒருமுறை, எப்போதும் ஒரே பருவத்தில் வருகிறது. இவ்வளவு ஒழுங்கை வாசகர் நம்பமாட்டார். நம் உலகில் 19 ஆண்டுகளை 235 சந்திர மாதங்களோடு பொருத்தும் மெட்டன் சுழற்சியிலேயே சுமார் 2 மணி நேரம் மிஞ்சுகிறது.

எனவே பெரிய நிலவின் சுற்றை 32.3 நாட்களாக மாற்ற நினைக்கிறேன். அப்போது 13 ஆண்டுகளுக்கு 5 அதிக மாதங்கள் தேவைப்படும். அதற்குப் பின்னும் 0.3 நாள் மிஞ்சும் (இந்தப் பிசிறுதான் பிற்காலத்தில் இரு தரப்பாரின் பூசலுக்குக் காரணமாக வேண்டும்). அந்த 5 மாதங்களை எந்தெந்த ஆண்டுகளில் வைப்பது? சங்கராந்தி (சூரியன் ஒரு ராசியிலிருந்து அடுத்ததற்கு மாறும் நேரம்) இல்லாத சந்திர மாதத்தை அதிக மாதமாகக் கொள்ளும் நம் முறையை இங்கே பொருத்த, சூரிய ஆண்டை எத்தனை பகுதிகளாகப் பிரிக்க வேண்டும்? இரு நிலவுகளும் சேரும் நாளில் கடல் ஏற்றம் எவ்வாறு இருக்கும் என்பதையும் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாவேன்.