செவிலியர் மாணவியருக்கான பயிற்சிச் சூழல்கள்: உங்கள் அனுபவம் தேவை

அனைவருக்கும் வணக்கம். தருமபுரியில் செவிலியர் பயிற்சி மாணவியருக்குச் சமுதாய நலப் பாடம் நடத்துகிறேன். வறுமையும் பெண்ணுக்குள்ள கட்டுப்பாடுகளும் சிகிச்சையை எப்படித் தடுக்கின்றன என்பதை, விரிவுரையாக அல்லாமல், நடித்துப் பழகும் சூழல்களாகக் கற்பிக்க விரும்புகிறேன்.

ஒரு சூழலை எழுதி வைத்திருக்கிறேன். அஞ்செட்டிப் பக்கத்துப் பெண், வயது 17, ஐந்து மாதக் கர்ப்பம், இரத்தசோகை. கணவர் பெங்களூருவில் கட்டட வேலையில் இருக்க, கேட்கும் கேள்விக்கெல்லாம் மாமியாரே பதில் சொல்கிறார். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவிக்கு 19 வயது நிறைந்திருக்க வேண்டும் என்பதால், உதவி மிகவும் தேவைப்படும் இவளுக்கே அது கிடைப்பதில்லை. 18 வயதுக்குட்பட்டவர் கர்ப்பமானால் குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டப்படி காவல்துறைக்குத் தகவல் தெரிவிப்பது கட்டாயம் என்பதால், குடும்பத்தினர் வயதைக் கூட்டிச் சொல்கிறார்கள் அல்லது மருத்துவமனைக்கே அழைத்து வருவதில்லை. இந்நிலையில் 'சத்தாகச் சாப்பிடம்மா' என்று மாத்திரையைக் கொடுத்து அனுப்புவது, என் பார்வையில், பாதி வேலைகூட இல்லை.

பென்னாகரம், சித்தேரி, தளி பகுதிகளில் பணியாற்றிய கிராம சுகாதாரச் செவிலியர்களும் அங்கன்வாடிப் பணியாளர்களும் இத்தகைய சூழல்களை, பெயரும் ஊரும் குறிப்பிடாமல், எழுதித் தர வேண்டுகிறேன். குறிப்பாக, மாமியாரின் மனம் நோகாமல் பெண்ணிடம் தனியாகப் பேச என்ன வழி கண்டீர்கள்? மாணவியரிலேயே சிலர் இத்தகைய வீடுகளிலிருந்து வருவதால், அவர்களைக் கூசச் செய்யாமல் நடத்தும் முறையையும் சொல்லுங்கள். குரல் பதிவாக அனுப்பினாலும் நானே எழுதிக்கொள்கிறேன்.