மேலத்தெரு சொந்தங்கள்: வாய்க்கால் ஆக்கிரமிப்பு வழக்கு

செல்வி அக்கா, காலை 7:10
வக்கீல் இன்னிக்கே ஹைகோர்ட் உத்தரவு காப்பி கேட்கிறார். யார்கிட்ட இருக்கு?

ராமு, 7:12
பெரியப்பா பீரோல

குமார் அண்ணன், 7:26
காப்பி மட்டும் பத்தாது அக்கா. தாசில்தார் "நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரம்" முடியறதுக்குள்ள ஆக்கிரமிப்பு மேல நடவடிக்கை எடுக்கணும்னு உத்தரவு. தாசில்தாருக்கு நாம அனுப்பின பதிவுத் தபாலோட அக்னாலெட்ஜ்மென்ட் கார்டு, அதான் அவங்க வாங்கினதுக்கு அத்தாட்சி, வேணும். அது இல்லேன்னா "எங்களுக்கு வரவே இல்ல"ம்பாங்க. கார்டுல மார்ச் 10 முத்திரைன்னா ஜூன் 2-ல கெடு முடிஞ்சது. அதிலிருந்து ஒரு வருஷத்துக்குள்ள கோர்ட் அவமதிப்பு மனு போட்டாகணும், 1971 நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் பிரிவு 20. நினைவூட்டல் கடிதம் எத்தனை போட்டாலும் அந்த வருஷம் நீளாது.

கலா, 7:28
சனிக்கிழமை வளைகாப்புக்கு வளையல் யார் வாங்குறா?

ராமு, 7:29
கலெக்டரையும் சேர்க்கலாமாண்ணே

குமார் அண்ணன், 7:41
உத்தரவு யாருக்குப் போட்டதோ அவங்க மேலதான். பதவி மட்டும் எழுதினா நிக்காது, ஆள் பேர் வேணும். தாசில்தார் மாறிட்டார், அந்த 12 வாரம் இருந்தவர் பேரையும் இப்ப இருக்கிறவர் பேரையும் ஆர்டிஐ-ல (தகவல் உரிமைச் சட்டம்) கேளு. 10 ரூபாய், 30 நாள்.
கடைசிப் பாராவை யாராவது போட்டோ போடுங்க. "அகற்று"ன்னு இருக்கா, "மனுவைப் பரிசீலித்து முடிவெடு"ன்னு இருக்கா? ரெண்டாவதுன்னா, "முடியாது"ன்னு ஒரு தாள் கொடுத்தாலே உத்தரவை நிறைவேத்தின கணக்கு. அந்தத் தாளை எதிர்த்து ஹைகோர்ட்ல புது ரிட் மனுதான் போடணும்.

மணி மாமா, 7:43
பேசித் தீர்த்திருக்கலாம்

செல்வி அக்கா, 7:43
ரெண்டு வருஷமா பேசினது நீங்கதானே மாமா. உங்க சம்பந்தி கொட்டகை இன்னும் வாய்க்கால்லதான் நிக்குது

கலா, 7:44
வளையல்??

சித்தி, 7:50
வாய்க்காலை அளந்தா எங்க வீட்டுப் படியும் போகுமா

குமார் அண்ணன், 7:58
எஃப்எம்பி-ல (சர்வே அளவுப் புத்தகம்) வாய்க்கால் அகலம் 6.2 மீட்டர். உங்க கீழ் ரெண்டு படி உள்ளே வருது சித்தி. நாமளே முதல்ல எடுத்துடணும்.

சித்தி, 7:59
அது உங்க தாத்தா கட்டின படி

குமார் அண்ணன், 8:15
தெரியும் சித்தி. ஆனா எதிர்த்தரப்பு முதல்ல அதைத்தான் காட்டுவாங்க.
இன்னொண்ணு. கோர்ட் அதிகாரியை நேர்ல வரச் சொன்னா, முந்தின வாரம் வேலியை மட்டும் பிரிச்சுட்டு "அகற்றியாச்சு"ன்னு அறிக்கை வைப்பாங்க, வழக்கு முடிஞ்சுடும். சர்வேயர் கல்லுக்குக் கல் அளந்த ஸ்கெட்ச் நம்ம கையில இருக்கணும். 1905 நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி முதல்ல பிரிவு 7 நோட்டீஸ், அப்புறம் அகற்றச் சொல்லி பிரிவு 6 உத்தரவு. நோட்டீஸ் இல்லாம இடிச்சா ஆக்கிரமிச்சவங்க கோர்ட்ல தடை வாங்கிடுவாங்க. நமக்கு வேண்டியது தண்ணி போற வழி. தாசில்தார் ஜெயிலுக்குப் போறது இல்ல.

ராமு, 8:16
மனுவுல யார் கையெழுத்து

குமார் அண்ணன், 8:18
ரிட் போட்டது பெரியப்பா, அவர்தான். வக்கீல் முன்னாடி, இல்லேன்னா நோட்டரி முன்னாடி போடணும்.

செல்வி அக்கா, 8:20
அவர் கோயம்புத்தூர்ல. போன் எடுக்கல

கலா, 8:21
வளைகாப்புக்கு வருவார்ல

மணி மாமா, 8:30
சம்பந்தியையும் கூப்பிட்டிருக்கு. அங்க வச்சு இதைப் பேச வேண்டாம்

ராமு, 8:31
பீரோ சாவி யார்கிட்ட?